நான் தாண்டிப்போன நான்காம் காட்சி

கோமதி போய்விட்ட செய்தி என் கை வழியாகத்தான் போனது. துறைமுக அலுவலகத்தில் தொலைபேசி இணைப்புப் பலகைக்கு முன்னால் உட்கார்ந்திருப்பது என் வேலை என்று உங்களுக்குத் தெரியும். செவ்வாய்க்கிழமை காலை பத்து மணி இருக்கும். மருத்துவமனையிலிருந்து ஒரு தாதி பேசினார். சரக்குக் கிடங்கில் வேலை பார்க்கும் ராஜகோபால் வேண்டும், அவர் மனைவி விஷயம் என்றார். அந்தக் குரல் அதற்கு மேல் ஒன்றும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. ஒரு நிமிடம் இருங்கள் என்று வழக்கம்போல் சொல்லிவிட்டு, கம்பியைச் சொருகினேன்.

இணைத்த பிறகு ஒட்டுக் கேட்கக் கூடாது என்பது எங்கள் விதி. பதினாறு வருஷத்தில் நான் அந்த விதியை ஒழுங்காகக் கடைப்பிடித்த நாள்கள் குறைவு. என் காதும் வாயும் எப்படிப்பட்டவை என்று இந்த நாடகக் குழுவில் அறியாதவர் யார்? அன்றைக்கு மட்டும் காதில் மாட்டியிருந்ததைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டேன். பலகையில் சின்ன விளக்கு எரிந்துகொண்டே இருந்தது. பிறகு அணைந்தது. பக்கத்தில் இருந்த பெண் என்னைப் பார்த்து என்னக்கா என்று கேட்டாள். ஒன்றுமில்லை, என் லைனையும் நீயே பார் என்று சொல்லிவிட்டுக் கழிவறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன்.

நாற்பத்தொரு வயது. சாகிற வயதா அது? கடவுளிடம் இதைக் கேட்டேன். என் பங்குச் சாமியாரிடமும் கேட்டேன். 

பத்து வருஷத்துக்கு மேல் வானொலியில் கோமதி எழுதிய நாடகங்களை நீங்கள் கேட்டிருக்கிறீர்கள். உங்களில் பாதிப் பேருக்கு அது அவர் எழுதியது என்றே தெரியாது. "எழுதியவர் ஆர்.ஜி." என்றுதான் அறிவிப்பாளர் சொல்வார். யாரோ ஒரு ராமன் கோவிந்தன் என்று நினைத்துக்கொண்டிருந்தீர்கள். ஆர். கோமதி என்று யாருக்கும் தோன்றவில்லை. நேரில் நானும் அவரும் வாடி போடி என்றுதான் பேசிக்கொள்வோம். என் பெயரான ரோஸ்லினை அவர் ஒரு நாளும் முழுதாகச் சொன்னதில்லை, ரோசு என்பார். எழுத்தில் "அவர்" என்று போடுகிறேன். இதைப் பார்த்திருந்தால் விழுந்து விழுந்து சிரித்திருப்பார்.

ஐம்பதுகளின் நடுவில் அவர் வானொலியின் தமிழ்ப் பிரிவுக்கு வந்தது தட்டச்சராகத்தான். மற்றவர்கள் எழுதித் தரும் நாடகங்களை மெழுகுத் தாளில் தட்டி, படியெடுத்து, நடிப்பவர்களுக்கு ஆளுக்கொரு பிரதி தர வேண்டும். அப்போது எங்களுக்கு நாடகம் எழுதிக்கொண்டிருந்த ஒரு பெரியவர், வீட்டு மாமியாரைக்கூட மேடைப் பேச்சாளர் மாதிரித்தான் பேசவைப்பார். துறைமுக வேலை முடிந்து மாலையில் நடிக்கப் போவேன்; எனக்கு இருபத்து நான்கு வயது. கட்டைக் குரல் என்பதால் அப்போதே மாமியார் வேடம். "மருமகளே, நீ இழைத்த செயல் என் உள்ளத்தை வாட்டுகிறது" என்று நான் சொல்ல வேண்டும். ஒலிப்பதிவுக்கு என் கைக்கு வந்த தாளில் "செஞ்சிட்டேல்ல? நல்லா இரு" என்று இருந்தது. நான் பாட்டுக்குப் படித்துவிட்டேன். அடுத்த வாரம் பெரியவர் தாளும் கையுமாக வந்து குதிகுதியென்று குதித்தார். கோமதி எழுந்து நின்று, தட்டச்சுப் பிழை, மன்னிக்கணும் என்றார். ஒரே பக்கத்தில் பதினான்கு பிழை! அத்தனையும் வசனத்தில். தயாரிப்பாளர் சபாபதி அந்தத் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பெரியவர் போன பிறகு, முழு நாடகமும் பிழையாகவே ஒன்று அடித்துத் தர முடியுமா என்று கோமதியிடம் கேட்டார். அவர் எழுத வந்தது அப்படித்தான்.

அவர் எழுதும் முறை விசித்திரமாக இருக்கும். நாடகம் ஒலிபரப்பாகும் வியாழக்கிழமை மாலை அவர் வீட்டில் உட்கார்ந்து கேட்க மாட்டார். பஃபலோ சாலையில் ஒரு மளிகைக் கடை வாசலில் போய் நிற்பார். கடைக்குள் வானொலி பாடிக்கொண்டிருக்கும். எந்த வசனத்தில் ஆட்கள் மறுபடி தங்கள் பேச்சைத் தொடங்குகிறார்கள், எங்கே இருமுகிறார்கள், கடைக்காரர் பருப்பு அள்ளிய கையை எங்கே நிறுத்துகிறார் என்று பார்ப்பார். மறுநாள் என்னிடம் வந்து, மூன்றாவது காட்சியில் நீ அழுதபோது கடைக்காரர் பாட்டுக்குப் பருப்பை எடை போட்டுக்கொண்டிருந்தார், நீ சரியாக அழவில்லை என்பார். எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வரும். கடைக்காரருக்குக் கல்நெஞ்சு என்பேன். இரண்டு நாள் பேச மாட்டேன். மூன்றாம் நாள் அவர் தேக்கா சந்தையிலிருந்து எனக்குப் பிடித்த புட்டு மாயாம் என்கிற இடியப்பம் வாங்கி வந்து மேசையில் வைத்துவிட்டுப் போவார்.

ஒருமுறை ஒரு சண்டைக் காட்சியில் என் வசனம் பாதியிலேயே நின்றது. மீதி எங்கே என்று கேட்டேன். "கோவத்துல யாரும் முழு வாக்கியம் பேசமாட்டாங்க, ரோசு. மீதிய எதிர்ல இருக்கறவங்க முகம் பேசும்" என்றார். வானொலியில் முகம் எங்கேயிருந்து வரும் என்றேன். கேட்கிறவர் தன் வீட்டு முகத்தைப் போட்டுக்கொள்வார் என்றார். இன்றைக்கும் ஒத்திகையில் யாராவது வசனத்தை நீட்டினால் எனக்கு அது ஞாபகம் வருகிறது.

இத்தனை பேச்சும் அவருக்கு எங்கேயிருந்து வந்தது என்பது எனக்கு மட்டும் தெரியும். கெர்பாவ் சாலையில் ஒரு கடைவீட்டின் மாடியில், கணவரோடும் மாமியாரோடும் கோமதி குடியிருந்தார். மாமியார் பெயர் தைலம்மாள். பேச்சு என்றால் அப்படி ஒரு பேச்சு. தேக்காவில் மீன்காரனைப் பார்த்து, "அது செத்து எத்தன நாளாச்சுன்னு அதோட கண்ணே சொல்லுது, நீ என்னத்துக்கு மறைக்கிற?" என்பார். வாயைத் திறக்காத மகனைப் பார்த்து, "பேசாம இருக்கறதுக்குப் பேரு பொறுமை இல்லப்பா, சோம்பேறித்தனம்" என்பார். அந்தப் பேச்சு அப்படியே கோமதியின் கையால் தாளுக்கு வந்து, என் வாயால் ஊருக்குப் போகும்.

வேடிக்கை என்னவென்றால், அந்த நாடகங்களுக்கு அந்தத் தெருவிலேயே பெரிய ரசிகை தைலம்மாள்தான். கோமதி ஆபீசில் தட்டச்சு செய்கிறார் என்பது மட்டும்தான் அவருக்குத் தெரியும். வியாழக்கிழமை வானொலிக்கு முன்னால் உட்கார்ந்து, "இவ வாய்க்கு ஒரு பூட்டுப் போடணும். ஆனா சொல்றது நியாயந்தான்" என்று என்னைத் திட்டுவாராம்; கோமதி வீடு திரும்பியதும் மறுபடி ஒரு முறை திட்டிக் காட்டுவாராம். எழுதுகிற ஆள் விவரமான ஆள், அவர் வீட்டில் பெண்டாட்டி நன்றாகப் பேசுவாள் போலிருக்கிறது என்றும் ஒரு நாள் சொன்னாராம். கோமதி இதை என்னிடம் சொல்லிவிட்டு, சிரிப்பு அடங்காமல் மேசையில் தலையைக் கவிழ்த்துக்கொண்டார்.

சொல்லிவிட வேண்டியதுதானே என்று எத்தனையோ முறை கேட்டிருக்கிறேன். முதலில் பயம், வேலையை விடச் சொல்லிவிடுவார்களோ என்று. பிறகு வேறு காரணம் சொன்னார். "சொல்லிட்டா யோசிச்சுப் பேச ஆரம்பிச்சிடுவாங்க. யோசிச்சுப் பேசினா அது அத்தை இல்ல." ஆனால் அவர் மனது கிடந்து அடித்துக்கொண்டதும் எனக்குத் தெரியும். கேட்காமல் எடுத்துக்கொண்டே இருக்கிறேன், ஒரு நாள் முகத்துக்கு நேராகச் சொல்லித்தான் ஆகவேண்டும் என்பார். அத்தை ஆசையாகச் சோறு போடும்போது இரண்டாம் முறை கேட்கவே கூச்சமாக இருக்கிறது என்பார்.

தொலைக்காட்சி வந்தது. வானொலியில் இருந்த எங்களையே கூப்பிட்டு நடிக்கச் சொன்னார்கள். தாம்சன் சாலைக்கு அப்பால் குன்றின் மேல் நிலையம். எல்லாம் நேரடி ஒளிபரப்பு. ஒருமுறை நடித்தால் நடித்ததுதான், அழித்து எழுத வழியில்லை. எங்களுக்கு அரை மணி நேரம் கொடுத்தார்கள். அரை மணி முடிந்ததும் வேறொரு மொழியில் செய்தி. அதற்காக ஒரு விநாடிகூடக் காத்திருக்க மாட்டார்கள். அங்கே கோமதி எழுதிய நான்காவது நாடகத்தைப் பற்றித்தான் நான் இவ்வளவு நேரமும் சுற்றி வளைத்துக்கொண்டிருக்கிறேன்.

கதை சின்னது. ஒரு மாமியார் போடும் ஊறுகாயை, அவருக்குத் தெரியாமல் மருமகள் சந்தையில் வேறு பெயரில் விற்கிறாள். இரண்டாம் காட்சியில் மாமியாருக்குச் சந்தேகம். மூன்றாம் காட்சியில் மகனிடம் முறையீடு. நான்காம் காட்சியில் மருமகள் காப்பியைக் கொண்டுவந்து வைத்துவிட்டு எல்லாவற்றையும் ஒப்புக்கொள்கிறாள். ஊரே கொண்டாடுகிற கைப்பக்குவம் உங்களுடையது, நான் தூக்கிச் சுமந்தவள் மட்டும்தான் என்கிறாள். ஐந்தாம் காட்சியில் மறுநாள் காலை; அதே நாற்காலி, அதே காப்பி, சமாதானம்.

இந்த நாடகத்தைக் கொடுத்தபோது கோமதி, ஒளிபரப்பு நாளில் அத்தையைச் சமூக நிலையத்துக்குப் போய்ப் பார்க்கச் சொல்லியிருப்பதாகச் சொன்னார். தெருவில் தொலைக்காட்சிப் பெட்டி அங்கேதான் இருந்தது. "நாலாவது காட்சியை அவங்க கேக்கட்டும். வீட்டுக்குப் போயி, அந்த மருமக நாந்தான்னு சொல்லிடறேன்." முடிவில் காட்டும் அட்டையில் முதல்முறையாகத் தன் முழுப் பெயரையும் எழுதச் சொல்லியிருந்தார். ஓவியர் அதை அழகாகச் சுழித்து எழுதி, மை காய்வதற்காகச் சுவரில் சாய்த்து வைத்திருந்தார். நான் பார்த்தேன்.

இனி என் பாவத்தைச் சொல்கிறேன். உங்களில் பலருக்கு அன்று ஏதோ குளறுபடி என்று மட்டும் தெரியும். யார் செய்தது என்று சபாபதி வெளியே சொல்லவில்லை. கோமதி சொல்லவிடவில்லை.

வானொலிக்காரர்களாகிய நாம் வசனத்தை மனப்பாடம் செய்து பழகியவர்கள் அல்ல. தாள் கையில் இருக்கும். எதிரில் இருப்பவர் முடித்ததும் நாம் தொடங்குவோம். கதை எங்கே நிற்கிறது என்பது தாளின் கவலை. தொலைக்காட்சியில் கையில் தாள் இல்லை. நான்காம் காட்சியில் மருமகளாக நடித்த தேவகி காப்பியை வைத்துவிட்டு, "அத்தை, காப்பி" என்றாள். நான் "காப்பி இருக்கட்டும், நீ உக்காரு" என்று சொல்ல வேண்டும். இரண்டு காட்சியும் அப்படித்தான் தொடங்கும்; என் வாயில் ஐந்தாம் காட்சி வந்தது. "கொண்டா. நீயும் குடி" என்றேன். தேவகியும் வானொலியில் வளர்ந்தவள். நான் சொன்னதற்கு என்ன பதிலோ அதைச் சொன்னாள். இரண்டு பேரும் கைகோத்துக்கொண்டு ஒரு முழுக் காட்சியைத் தாண்டிப் போனோம். சமாதானமும் ஆகிவிட்டது. எதற்குச் சமாதானம் என்று பார்ப்பவர் யாருக்கும் தெரியாது. மீதி ஏழு நிமிடம்.

கேமராவுக்குப் பக்கத்தில் நின்றவர் இழு இழு என்று கையால் சைகை செய்தார். தேவகியின் முகத்தில் ஈயாடவில்லை. நான் காப்பித் தம்ளரைப் பிடித்தபடி உறைந்து உட்கார்ந்திருந்தேன். கேமராக் கம்பிகளுக்குப் பின்னால் கோமதி நிற்பது தெரிந்தது. மூக்குக்கண்ணாடியைக் கழற்றிப் பக்கத்தில் இருந்தவர் கையில் கொடுத்தார். முந்தானையை இழுத்துச் செருகினார். அட்டைக் கதவைத் தள்ளிக்கொண்டு, பக்கத்து வீட்டுக்காரியாக உள்ளே வந்தார். வாழ்நாளில் ஒருநாளும் நடித்தவர் இல்லை.

விஷயம் தெரியாமலா ரெண்டு பேரும் காப்பி குடிக்கிறீங்க என்று ஆரம்பித்தார். தவறிப்போன காட்சியைத் தன் வாயால் சொல்லி முடித்துவிட வேண்டும் என்பது அவர் திட்டம். எனக்குப் புரிந்திருக்க வேண்டும். "அஞ்சு வருஷமா உங்க கைச்சரக்கை உங்களுக்குத் தெரியாம எடுத்து, வேற பேருல வித்திட்டிருக்காங்க" என்றார். அங்கே ஒரு மூச்சு நிறுத்தினார். அவ்வளவுதான், நான் வாயைத் திறந்துவிட்டேன். பயத்தில் எனக்கு மூளை ஓடாது; வாய் ஓடும். வீட்டுக்குள்ளேயே திருட்டா, சோறு போட்ட கையிலேயே திருட்டா என்று பொரிந்து தள்ளினேன். பத்து வருஷமாக எனக்குப் பாடமாகியிருந்த வசவெல்லாம் வரிசையாக வந்தது. அத்தனையும் தைலம்மாளின் வசவு. கோமதி இரண்டு முறை கையை உயர்த்தி என்னை நிறுத்தப் பார்த்தார். கடைசியில் நான் மூச்சு வாங்கியபோது, "ஆனா ஒண்ணுக்கா, அந்தக் கைப்பக்குவம்..." என்று தொடங்கினார். கேமரா மேலிருந்த விளக்கு அணைந்தது. செய்தி ஆரம்பித்துவிட்டது. பெயர் எழுதிய அட்டை சுவரிலேயே சாய்ந்திருந்தது.

சமூக நிலையத்தில் நடந்ததைப் பிறகு அறிந்தேன். கோமதி திரைக்கு வந்ததும் தெருவே கத்தியிருக்கிறது, உங்க மருமகள், உங்க மருமகள் என்று. அதற்கப்புறம் நான் திட்ட ஆரம்பித்ததும் ஒருத்தி சிரித்துக்கொண்டே, அச்சு அசல் உங்க பேச்சு மாதிரியே இருக்கே என்றிருக்கிறாள். வானொலியில் இத்தனை நாள் கேட்டது யார் பேச்சு என்று தைலம்மாளுக்கு அப்போதுதான் புரிந்திருக்க வேண்டும்; எழுந்து வீட்டுக்குப் போய்விட்டார். அவர் கேட்டது திருட்டை மட்டும்தான். நன்றியைக் கேட்கவில்லை. அந்த இடத்தை நான் என் வாயால் அடைத்துவிட்டேன்.

வீட்டில் ஒரு சண்டை வந்திருந்தால்கூடத் தேவலை. வரவில்லை. அன்று கோமதி போனபோது சோறு எடுத்து வைத்திருந்தது. அத்தை, நான் என்று தொடங்கியதும் தைலம்மாள் கையைக் காட்டி நிறுத்திவிட்டு உள்ளே போய்விட்டார். மறுநாளும் அப்படித்தான். அதற்கு மறுநாளும். வந்தாச்சா, சாப்பிடு, விளக்கை அணை. ஒரு நாளைக்கு இவ்வளவுதான் பேச்சு. மீன்காரனிடம்கூட விரலால் காட்டி வாங்கினாராம். "வீடு அடங்கிப் போச்சு, ரோசு. நான்தான் அடக்கிட்டேன்" என்றார் கோமதி. அவர் அழுது நான் பார்த்தது அந்த ஒரே முறை.

நான் வந்து பேசுகிறேன், தப்பு என்னுடையது என்றேன். வேண்டாம், நீ வந்து பேசினால் அதுவும் ஒரு நாடகமாகிவிடும் என்றார். வருத்தத்தில் சொன்னது அது. எனக்குச் சுருக்கென்றது. சரி, போ, எப்படியோ போ என்று நான் ஒதுங்கிவிட்டேன். மாதக்கணக்கில் ஒதுங்கியிருந்தேன். என் ரோஷத்தைத் தூக்கிக் குப்பையில் போட்டுவிட்டு அந்த மாடிப்படி ஏறியிருந்தால் என்ன குறைந்திருக்கும்? கேட்டுக்கொண்டே இருக்கிறேன்.

அதற்குப் பிறகும் ஒன்றரை வருஷம் எழுதினார். நன்றாகத்தான் எழுதினார். ஆனால் அந்த நாடகங்களில் மாமியார் வருவது குறைந்தது. வந்தாலும் ஓரமாக உட்கார்ந்திருப்பாள். பழைய விறுவிறுப்பு இல்லையே என்று சபாபதி தயங்கித் தயங்கிக் கேட்டார். இல்லைதான் என்று ஒப்புக்கொண்டு, எழுதுவதை நிறுத்திக்கொண்டார். மறுபடி மற்றவர்களின் நாடகங்களைத் தட்டிக் கொடுக்கும் வேலை. அவர் தட்டிய ஒரு பிரதி என் கைக்கு வந்தது. "அத்தையே, என் இதயம் நொறுங்குகிறது" என்று ஒரு வசனம். புரட்டிப் புரட்டிப் பார்த்தேன். ஒரு பிழைகூட இல்லை. எழுத்துக்கு எழுத்து, எழுதியவர் எழுதியபடியே இருந்தது. அன்றைக்கே எனக்குத் தெரிந்துவிட்டது, கோமதி நம்மை விட்டுப் போக ஆரம்பித்துவிட்டார் என்று.

வயிற்றில் கட்டி என்றார்கள். முன்னமே பார்த்திருந்தால் என்று எல்லாருக்கும் சொல்வதைத்தான் சொன்னார்கள். மருத்துவமனையில் நான் போய் உட்கார்ந்தால், வார்டில் யார் எப்படிப் பேசுகிறார்கள் என்று இன்னும் கவனித்துக்கொண்டுதான் இருந்தார். பக்கத்துக் கட்டிலில் ஒரு சீனக் கிழவி மலாயில் தாதியோடு சண்டை போடுவதைக் காட்டி, இவரை எனக்கு முன்னமே தெரியாமல் போயிற்றே என்றார். அத்தை தினமும் சாப்பாட்டுத் தூக்கோடு வருகிறார், ஊட்டிவிடுகிறார், பேசுவதில்லை என்றார். "கோவம் போகல போல. போகாது. எடுத்துக்கிட்டவ நான்தானே" என்றார். அதுதான் அவர் என்னிடம் கடைசியாகப் பேசியது. மறுவாரம் அந்தச் செவ்வாய்க்கிழமை.

பதினாறாம் நாள் காரியத்துக்குப் போனேன். எல்லாரும் சாப்பிட்டுக் கிளம்பிய பிறகு, சமையற்கட்டு வாசலில் தைலம்மாள் தரையில் உட்கார்ந்திருந்தார். அந்தப் பேச்சையும் கோபத்தையும் இத்தனை வருஷமாக நான் நடித்திருக்கிறேன். நிஜமான ஆளை அன்றுதான் பக்கத்தில் பார்த்தேன். சின்ன உருவம். நீதானே அந்த மாமியாக்காரி என்று கேட்டார். ஆமாம் அம்மா என்றேன். அவர் காலைப் பிடித்துக்கொண்டு எல்லாவற்றையும் கொட்டினேன். காட்சியைத் தாண்டியது நான், அவளைப் பேசவிடாமல் கத்தியது நான், அவளைத் திருடி என்று சொன்ன வாய் என்னுடையது என்றேன்.

அவர் என் கையைத் தன் காலிலிருந்து எடுத்துவிட்டார். பிறகு சொன்னார். "கோவமா? எனக்கு என்னம்மா கோவம்? என் பேச்சு ஊருக்கெல்லாம் போகுதுன்னு தெரிஞ்சதும் வாயே வரல. இவ எழுதற அளவுக்கு நல்லதா நாலு வார்த்தை சொல்லணுமேன்னு யோசிப்பேன். யோசிச்சா ஒண்ணும் வராது. சரி, நாளைக்குச் சொல்லலாம்னு இருப்பேன்."

நாலு வருஷம்! ஒரே வீட்டில், ஒரே அடுப்படியில், ஒருத்தி கோபம் என்று நினைத்துக்கொண்டிருக்க, இன்னொருத்தி நல்ல வார்த்தைக்குக் காத்துக்கொண்டிருந்திருக்கிறாள். நடுவில் இருந்தது நான் மாற்றிச் சொன்ன ஒரு வாக்கியம்.

என் கைப்பையில் அந்த ஊறுகாய் நாடகத்தின் பிரதி இருந்தது. இத்தனை வருஷம் தகரப் பெட்டியில் போட்டுப் பூட்டி வைத்திருந்தேன்; அன்று காலை ஏன் எடுத்தேன் என்று தெரியாது. நான்காம் காட்சியைப் படிக்கட்டுமா என்று கேட்டேன். தலையை அசைத்தார். மருமகள் வசனத்தை நான் படித்தேன். மாமியார் வேடக்காரி, முதல்முறையாக மருமகளானேன். "நான் எடுத்துட்டுப் போனதெல்லாம் உங்க கைப்பக்குவம், அத்தை. ஊரு புகழ்ந்ததெல்லாம் உங்களை. நான் சுமந்தவ மட்டுந்தான். வித்ததெல்லாம் உங்க சரக்குதான்னு ஒரு நாள் எல்லாருக்கும் சொல்வேன். மொதல்ல உங்ககிட்ட சொல்றேன்."  அதற்கு மாமியாரின் பதில், "நீ நல்லா இருக்கணும்மா" என்று இருந்தது. அதையும் படித்தேன்.

தைலம்மாள் கண்ணைத் துடைத்துக்கொண்டார். பிறகு அந்தப் பழைய குரல், எனக்குப் பத்து வருஷமாகப் பாடமாகியிருந்த குரல், அவர் தொண்டையிலிருந்து வந்தது. "நான் இப்படிச் சொல்லமாட்டேன். 'அடிப்பாவி, மொதல்லயே சொல்லக்கூடாதா? இன்னும் நல்லாப் போட்டிருப்பேனே'ன்னு சொல்லியிருப்பேன்." சொல்லிவிட்டு, எழுதிக்கொள் என்றார்.

என்னிடம் பென்சில் இருந்தது. கோமதியின் வரியை அடித்துவிட்டு, பக்கத்தில் அவர் சொன்னதை எழுதினேன். மற்றவர்கள் வசனத்தையெல்லாம் திருத்தியவருக்கு, அந்த ஒரு திருத்தத்தைச் செய்ய வேண்டியவர் நாலு வருஷமாகப் பக்கத்து அறையிலேயே இருந்திருக்கிறார்.

அவர் எழுதிய எதுவும் நிலையத்தில் இல்லை. வானொலி நாடாவை அழித்து வேறு நிகழ்ச்சி ஏற்றிவிட்டார்கள். தொலைக்காட்சி காற்றோடு போயிற்று. பெயர் எழுதிய அட்டைக்குப் பின்புறம் வேறொருவர் பெயரை எழுதிவிட்டதாக ஓவியர் சொன்னார். கோமதியிடமிருந்து எனக்கு மிஞ்சியது அந்தத் தாள்தான். கேட்கிறவர்களுக்குப் படித்துக் காட்டுகிறேன். மருமகள் வசனம் முடிந்ததும் இப்போதெல்லாம் நான் கொஞ்சம் நிறுத்துகிறேன். அதன் பிறகுதான் அத்தையின் வரி.